காசு கட்டியவருக்கு மட்டும் கோப்பு: தரவிறக்க லிங்கைப் பூட்டும் முறை

வெள்ளவத்தையில் உயர்தர இரசாயனவியல் வகுப்பு நடத்தும் ஓர் ஆசிரியர், தன் குறிப்புகளைப் பீடிஎஃப் ஆக்கி 1,500 ரூபாய்க்கு விற்கிறார் என்று வைத்துக்கொள்வோம். மாணவர் வங்கியில் காசு போட்டு ஸ்லிப்பை வட்ஸ்அப்பில் அனுப்புகிறார். பதிலுக்கு ஒரு லிங்க் போகிறது. இரவுச் சாப்பாட்டுக்கு முன்னரே அந்த லிங்க் வகுப்புக் குழுவுக்கு வந்துவிடும். கொட்டாஞ்சேனையில் இருப்பவரும் திறப்பார், மட்டக்களப்பில் இருப்பவரும் திறப்பார். கோப்பு இருக்கும் கணினியான சேர்வர் யாரையும் எதுவும் கேட்காது. கேட்கச் சொல்லி அதற்கு யாரும் சொல்லிவைக்கவில்லை.

கோப்பைக் கொடுக்கும் ஒவ்வொரு முறையும் “நீ யார், உனக்கு உரிமை உண்டா, நேரம் இருக்கிறதா” என்று சேர்வரைக் கேட்க வைப்பதே இங்கு சொல்லப்போகும் வேலை. உதாரணத்துக்கு பிஎச்பி (சேர்வரில் ஓடும் நிரல்மொழி), மைஎஸ்கியூஎல் (தரவுத்தளம்), சிபெனல் (தளத்தை நிர்வகிக்கும் பக்கம்) உள்ள சாதாரண ஷெயார்ட் ஹோஸ்டிங்கை (பலர் ஒரே சேர்வரைப் பகிரும் வாடகை இடம்) எடுத்திருக்கிறோம். கட்டளைப் பெயர்களைத் தமிழில் ஒலிபெயர்த்திருக்கிறோம். தட்டச்சு செய்யும்போது ஆங்கில எழுத்தில் அடியுங்கள்.

மறைப்பு வேலைகள் ஏன் நிற்பதில்லை

புதிதாகத் தளம் கட்டுபவர் முதலில் செய்வது வலது கிளிக்கை நிறுத்துவது. அது எவரையும் நிறுத்தாது. கணினியில் எஃப்12 விசையை அழுத்தி, நெட்வேர்க் என்ற பகுதியைத் திறந்து, பொத்தானை ஒரு தடவை சொடுக்கினால் பிரவுசர் கேட்ட முகவரி முழுதாகத் தெரியும். பிரவுசருக்குத் தெரிந்த முகவரி அதை இயக்குபவருக்கும் தெரியும். இதை ஜாவாஸ்கிரிப்டால் மாற்ற முடியாது.

லிங்கைச் சுருக்கித் தரும் சேவைகளும் அப்படியே. சுருக்கிய லிங்க்குக்குப் பதிலாகச் சேர்வர் “லொக்கேஷன்” என்ற தலைப்பில் (பதிலின் முன்னால் போகும் குறிப்பு வரியில்) உண்மையான முகவரியை அனுப்புகிறது. அதைப் படிக்க ஒரு நிமிடம் போதும். முகவரியை பேஸ்64 ஆக்கி வைப்பது சிலருக்குக் குறியாக்கம் போலத் தோன்றும். அது எழுத்தை வேறு எழுத்தால் எழுதும் முறைதான், சாவியே கிடையாது, யாரும் திருப்பிப் படிக்கலாம். இவற்றிலும் மோசமானது, தேடுபொறிகளுக்கு எழுதிவைக்கும் ரோபோட்ஸ் கோப்பில் “இந்த ஃபோல்டரைத் தேடாதே” என்று எழுதுவது. அந்தக் கோப்பை உலகமே படிக்கலாம். உங்கள் புதையல் இருக்கும் இடத்தை நீங்களே எழுதி வாசலில் ஒட்டிய கதை அது.

எண்களும் காட்டிக்கொடுக்கும். லிங்கின் கடைசியில் 41 இருந்தால், 42 என்று மாற்றிப் பார்க்கப் பத்து வயதுப் பிள்ளைக்கும் தோன்றும். வேர்ட்பிரஸில் ஏற்றிய கோப்புகள் ஆண்டு, மாத ஃபோல்டர்களில் போய் விழுவதால் அங்கும் ஊகிப்பது சுலபம்.

மறைப்பே வேண்டாம் என்று சொல்லவில்லை. ஊகிக்க முடியாத முகவரி நல்லதுதான். ஆனால் அது பூட்டின் மேல் போடும் திரை. பூட்டு முதலில் வரட்டும்.

முதல் வேலை: கோப்பை வாசலுக்கு வெளியே எடுத்தல்

சிபெனலில் ஃபைல் மெனேஜரைத் திறந்தால் பப்ளிக்_எச்டிஎம்எல் என்ற ஃபோல்டர் இருக்கும். அதற்குள் இருப்பதெல்லாம் இணையத்தில் முகவரி பெறும். அதற்குப் பக்கத்தில், அதே மட்டத்தில், புதிதாக ஒரு ஃபோல்டர் உண்டாக்கி விற்பனைக் கோப்புகளை அங்கே நகர்த்துங்கள். கொப்பி எடுத்து வைப்பது போதாது, பழையது அழிய வேண்டும். இனி அந்தக் கோப்புக்கு இணைய முகவரி என்று ஒன்றே இல்லை. உங்கள் ஸ்கிரிப்ட் மட்டும்தான் அதைத் தொட முடியும். இந்த ஒரு நகர்த்தலே பாதி வேலை.

நகர்த்த முடியாத நிலை வந்தால், அந்த ஃபோல்டருக்குள், சேர்வருக்கு விதி சொல்லும் புள்ளி எச்டிஅக்சஸ் கோப்பொன்றை வைத்து “ரிக்வயர் ஆல் டினைட்” என்ற வரியை எழுதலாம். இது அப்பாச்சி என்ற சேர்வர் மென்பொருளின் 2.4க்கும் அதற்குப் பிந்தியவற்றுக்கும் உரியது. லைட்ஸ்பீட் சேர்வரும் எச்டிஅக்சஸ் கோப்பைப் படிக்கும். என்ஜின்எக்ஸ் என்ற இன்னொரு சேர்வர் மென்பொருள் படிக்கவே படிக்காது. ஹோஸ்டிங் மாறிய மறுநாளே பூட்டு இல்லாமல் போவது இதனால்தான். வேர்ட்பிரஸில் கடை நடத்த உதவும் வூகொமேர்ஸ் பாவிப்பவர்களும் இதைக் கவனிக்க வேண்டும்: அது தன் தரவிறக்க ஃபோல்டரை எச்டிஅக்சஸ் வழியாகவே காக்கிறது, எனவே என்ஜின்எக்ஸில் தனியாக ஒரு விதி எழுத வேண்டும். அதன் அமைப்பில் தரவிறக்க முறையை “ரீடைரக்ட் ஒன்லி” என்று வைத்தால் கோப்பின் உண்மை முகவரியே வாங்கியவர் கைக்குப் போகும். “ஃபோர்ஸ் டவுன்லோட்ஸ்” என்று விடுங்கள்.

ஃபோல்டர் பட்டியல் காட்டுவதையும் நிறுத்திவிடுங்கள். எச்டிஅக்சஸில் “ஒப்ஷன்ஸ்” என்று எழுதி, ஓர் இடைவெளி விட்டு, கழித்தல் குறியோடு ஒட்டி “இண்டெக்சஸ்” என்று எழுத வேண்டும். கழித்தல் குறிக்கும் சொல்லுக்கும் நடுவில் இடைவெளி விட்டால் சேர்வர் 500 பிழை காட்டும்.

இரண்டாவது: வாங்கியவருக்கு ஒரு டோக்கன்

டோக்கன் என்பது ஒவ்வொரு ஓடருக்கும் தனியாக உண்டாக்கி லிங்கில் வைக்கும் இரகசியச் சரம். அதற்குத் தரவுத்தளத்தில் ஓர் அட்டவணை போதும். ஓடர் எண், கோப்பின் எண், டோக்கனின் ஹேஷ் (திருப்பி மூலத்தைப் பெற முடியாத கைரேகை போன்ற சரம்), காலாவதி நேரம், இதுவரை எடுத்த தடவை, அனுமதித்த தடவை. ஆறு நெடுவரிசைகள்.

டோக்கனை ரண்டம்_பைட்ஸ் என்ற பிஎச்பி செயற்கூறால் 16 பைட் எடுத்து, பின்2ஹெக்ஸால் எழுத்தாக்குங்கள். 32 எழுத்துகள் வரும். 128 பிட் என்பதால் அடித்துப் பார்த்துக் கண்டுபிடிக்க வழியில்லை. யூனிக்ஐடி என்ற செயற்கூறைப் பெயரை நம்பிப் பாவிக்காதீர்கள். அது கடிகார நேரத்திலிருந்து பிறப்பது, வாங்கிய நேரம் தெரிந்தால் ஊகிக்கக்கூடியது. ஓடர் எண்ணையோ தொலைபேசி எண்ணையோ எம்டி5 என்ற ஹேஷ் ஆக்கி டோக்கன் என்று வைப்பதும் அதே தவறு. எண் சிறியது, எல்லா எண்ணையும் ஓட்டிப் பார்க்கக் கணினிக்கு நேரம் செல்லாது.

டோக்கனை அப்படியே அட்டவணையில் வைக்காமல் அதன் ஷா-256 ஹேஷை வையுங்கள். யாராவது தரவுத்தளத்தைத் திருடினாலும் வேலை செய்யும் லிங்க் ஒன்றுகூடக் கிடைக்காது.

காலாவதி நேரத்தில்தான் கொழும்பில் பலரும் தடுக்கி விழுகிறார்கள். நம் நேரம் உலகப் பொது நேரத்துக்கு 5 மணி 30 நிமிடம் முன்னால். பிஎச்பி கொழும்பு நேரத்திலும் மைஎஸ்கியூஎல் பொது நேரத்திலும் ஓடினால், நீங்கள் குறித்த நேரத்துக்குப் பின்னும் ஐந்தரை மணித்தியாலம் லிங்க் உயிரோடு இருக்கும். எதிர்த்திசையில் பிழைத்தால் ஒரு மணித்தியால லிங்க் பிறக்கும்போதே செத்திருக்கும். திகதியாக எழுதாமல், டைம் செயற்கூறு தரும் விநாடி எண்ணையே முழு எண்ணாகச் சேமியுங்கள். 48 மணித்தியாலம் வேண்டுமானால் அதோடு 1,72,800ஐக் கூட்டினால் சரி. நேர வலயம் பற்றிய தலையிடி அத்தோடு தீரும்.

மூன்றாவது: லிங்க் நேரே கோப்புக்குப் போகக்கூடாது

ஒருமுறை மட்டும் வேலை செய்யும் லிங்க் என்பது கேட்க நன்றாயிருக்கும். நடைமுறையில் வாங்கியவர் அதைத் திறப்பதற்கு முன்னரே செத்துவிடும். வட்ஸ்அப்பில் லிங்கை ஒட்டியதும் முன்தோற்றம் காட்டுவதற்காக அதைத் திறந்து பார்ப்பது உண்டு. அலுவலக மின்னஞ்சல்களில் வைரஸ் சோதிக்கும் மென்பொருளும் லிங்கைத் தானே திறக்கும். அந்த ஒரு தடவை அங்கேயே முடிந்துபோகும். பிறகு வாங்கியவர் கோபமாக அழைப்பார், அவர்மேல் பிழையில்லை.

அதனால் டோக்கன் உள்ள லிங்க் ஒரு பக்கத்தைத் திறக்கட்டும். அதில் நூலின் பெயர், மீதமுள்ள தடவை, “தரவிறக்கு” என்ற பொத்தான். பொத்தான் ஒரு படிவம். அது போஸ்ட் (படிவத்தைச் சேர்வருக்கு அனுப்பும்) முறையில் போகும். முன்தோற்றம் எடுக்கும் நிரல்கள் பொத்தானை அழுத்துவதில்லை. அழுத்தும்போதுதான் தடவையைக் கணக்கில் ஏற்றுங்கள். ஏற்றும் வேலையை ஒரே கட்டளையில் செய்ய வேண்டும்: “எடுத்தது அனுமதித்ததைவிடக் குறைவாயிருந்தால் ஒன்று கூட்டு” என்று நிபந்தனையோடு அப்டேட் எழுதி, ஒரு வரி மாறியதா என்று பாருங்கள். முதலில் படித்துப் பின் எழுதினால், இரண்டு கைத்தொலைபேசி ஒரே கணத்தில் அழுத்தும்போது இரண்டும் உள்ளே போய்விடும்.

ஐந்து தடவை, 48 மணித்தியாலம் என்பது எங்கள் கணிப்பில் நியாயமான அளவு. கைத்தொலைபேசியில் ஒன்று, வீட்டுக் கணினியில் ஒன்று, இடையில் அறுந்தது ஒன்றிரண்டு. ஐபி முகவரியோடு டோக்கனைக் கட்டுவதை நாங்கள் பரிந்துரைப்பதில்லை. வீட்டு வைஃபையிலிருந்து வெளியே இறங்கி டேட்டாவுக்கு மாறியதும் முகவரி மாறும். கைத்தொலைபேசி வலையமைப்பில் பல வாடிக்கையாளர்கள் ஒரே பொது முகவரியின் பின்னால் இருப்பதும் வழக்கம். நேர்மையானவர் வெளியே நிற்பார், வேண்டாதவர் உள்ளே வருவார்.

நான்காவது: கையொப்பமிட்ட குறுகிய லிங்க்

பொத்தானை அழுத்தியதும் அந்தப் போஸ்ட் பதிலிலேயே கோப்பை அனுப்பினால் இன்னொரு சிக்கல் வரும். பஸ்ஸில் சிக்னல் போய்த் தரவிறக்கம் பாதியில் நின்றால், பிரவுசர் மீண்டும் கேட்பது கெட் (முகவரியைச் சாதாரணமாகத் திறக்கும்) முறையில்; அதற்குப் பதில் இராது. எனவே அழுத்தியதும் இரண்டு மணித்தியாலம் மட்டும் வாழும் இன்னொரு முகவரிக்குத் திருப்பிவிடுங்கள். இதற்குத் தரவுத்தளத்தில் புதுப் பதிவு வேண்டாம், கையொப்பம் போதும்.

செய்முறை இது. கோப்பு எண், ஓடர் எண், காலாவதி விநாடி மூன்றையும் ஒரு சரமாகக் கோர்த்து, இரகசியச் சாவியோடு எச்மேக் ஷா-256 (சாவி கலந்த ஹேஷ்) போட்டு, விளைவை லிங்கின் கடைசியில் ஒட்டுங்கள். லிங்க் திரும்ப வரும்போது அதே கணக்கை மீண்டும் போட்டு ஒப்பிடுங்கள். யாராவது காலாவதியை நீட்டினாலும் கோப்பு எண்ணை மாற்றினாலும் கையொப்பம் பொருந்தாது.

இதில் மூன்று இடத்தில் பிழை வரும். கோர்க்கும்போது நடுவில் ஒரு பிரிகுறி வையுங்கள்; வைக்காவிட்டால் கோப்பு 4, ஓடர் 11 என்பதும் கோப்பு 41, ஓடர் 1 என்பதும் ஒரே “411” ஆகிவிடும், ஒன்றின் கையொப்பம் மற்றதற்கும் செல்லும். ஒப்பிடுவதற்கு இரட்டைச் சமக்குறி வேண்டாம், ஹேஷ்_ஈக்வல்ஸ் பாவியுங்கள். எத்தனை எழுத்து பொருந்தியது என்பதைப் பதில் வரும் நேரத்திலிருந்து அளக்க அது இடம் கொடுக்காது. சாவி 32 பைட் தற்செயல் எண்ணாக, பப்ளிக்_எச்டிஎம்எல்லுக்கு வெளியே உள்ள கோப்பில் இருக்கட்டும். நிரலோடு சேர்த்துக் கிட்ஹப்பில் ஏற்றிவிட்டால் அந்தச் சாவி முடிந்தது. பிறகு அழித்தாலும் பழைய பதிவுகளில் நிற்கும், புதுச் சாவிதான் வழி.

கோப்புகள் பெரிது, காணொளி வகுப்பு என்றால், அமேசன் எஸ்3 அல்லது கிளவுட்ஃபிளேர் ஆர்2 போன்ற சேமிப்பகத்தில் வைத்து அவற்றின் முன்கையொப்ப லிங்கைத் தரலாம். கணக்கு இதே மாதிரிதான், எழுதியிருப்பது அவர்கள். எஸ்3இல் அத்தகைய லிங்கின் அதிகபட்ச ஆயுள் 7 நாள். நமக்குக் கிட்டிய அமேசன் நிலையங்கள் ஹைதராபாத்திலும் மும்பையிலும் உள்ளன. பக்கெட்டை (அங்கே கோப்புகள் இருக்கும் கொள்கலனை) பொதுவில் திறந்து வைத்துவிட்டு லிங்க்குக்கு மட்டும் கையொப்பம் போடுவதில் பயனில்லை. கேள்விக்குறிக்குப் பின்னால் உள்ளதை வெட்டிவிட்டுத் திறந்து பார்த்தால் மறுக்க வேண்டும்.

ஐந்தாவது: கோப்பைக் கொடுக்கும் ஸ்கிரிப்ட்

வாசலில் நிற்கும் ஸ்கிரிப்ட் முதலில் கையொப்பத்தைச் சோதிக்கும், பிறகு நேரத்தை, பிறகு ஓடர் இன்னும் செல்லுபடியா என்பதை. எல்லாம் சரியென்றால் மட்டும் கோப்பு எண்ணை வைத்துத் தரவுத்தளத்திலிருந்து கோப்பின் பாதையை எடுக்கும். கோப்பின் பெயரை லிங்கில் வாங்கவே வேண்டாம். பெயரை வாங்கி அப்படியே பாதையோடு ஒட்டினால், இரண்டு புள்ளியும் சாய்கோடுமாக எழுதி ஃபோல்டர் ஃபோல்டராக மேலே ஏறி, உங்கள் தரவுத்தளக் கடவுச்சொல் உள்ள கோப்பையே ஒருவர் இறக்கிக்கொள்ளலாம்.

அனுப்பும் தலைப்புகள்: கன்டென்ட்-டைப், கன்டென்ட்-லெங்த், கன்டென்ட்-டிஸ்பொசிஷன். பெயர் தமிழில் வேண்டுமானால் ஃபைல்நேம் என்பதற்குப் பின் நட்சத்திரக் குறி சேர்த்து, யூடிஎஃப்-8 என்று தொடங்கி, சதவீதக் குறியாக்கத்தில் எழுத வேண்டும். நட்சத்திரம் இல்லாமல் தமிழை நேரே போட்டால் சில கைத்தொலைபேசிகளில் பெயர் கிறுக்கலாக வரும்.

“கோப்பு இறங்குகிறது, ஆனால் திறக்கவில்லை” என்பது அடிக்கடி வரும் முறைப்பாடு. இறங்கிய கோப்பின் அளவை மூலத்தோடு பைட் கணக்கில் ஒப்பிடுங்கள். பிஎச்பி கோப்பை யூடிஎஃப்-8 பொம் (கோப்பின் தொடக்கத்தில் கண்ணுக்குத் தெரியாமல் நிற்கும் குறி) உடன் சேமித்திருந்தால் அந்த மூன்று பைட் உங்கள் பீடிஎஃப்பின் தலையில் போய் ஒட்டும். முடிவுக்குறிக்குப் பின் விட்ட வெற்று வரியும் ஒட்டும். நீளம் முன்னரே அறிவித்துவிட்டதால், முன்னால் மூன்று ஏறினால் பின்னால் மூன்று வெட்டுப்படும். சிப் கோப்பு உடனே கெட்டது என்று சொல்லும். அனுப்புவதற்கு முன் ஓபி_என்ட்_கிளீனைத் திறந்திருக்கும் இடையகம் (அனுப்பும் வரை வெளியீட்டைச் சேர்த்து வைக்கும் இடம்) ஒவ்வொன்றுக்கும் ஓட்டி, அனுப்பி முடிந்ததும் எக்சிட் போடுங்கள். பெரிய கோப்பில் நினைவகம் போதவில்லை என்று பிழை வருவதும் இந்த இடையகத்தால்தான். கோப்பை அனுப்பும் பிஎச்பி செயற்கூறான ரீட்ஃபைல் முழுக் கோப்பையும் நினைவகத்தில் ஏற்றுவதில்லை, இடையகம் ஏற்றுகிறது.

ரீட்ஃபைலின் உண்மையான குறை வேறு. விட்ட இடத்திலிருந்து தொடர அது உதவாது, ரேஞ்ச் கேள்வியை (கோப்பின் குறித்த பகுதியை மட்டும் கேட்பதை) கையாளும் நிரலை நீங்களே எழுத வேண்டும். 20 எம்பி வரை இதைப் பொறுக்கலாம். அதற்கு மேல் போனால் சேர்வரிடமே வேலையைக் கொடுங்கள்: அப்பாச்சியில் எக்ஸ்-சென்ட்ஃபைல் மொட்யூல், என்ஜின்எக்ஸில் எக்ஸ்-அக்செல்-ரீடைரக்ட் தலைப்பும் “இன்டர்னல்” என்று குறித்த இடமும். ஸ்கிரிப்ட் சோதனையை மட்டும் செய்து ஒரு தலைப்பை அனுப்பும், கோப்பை சேர்வர் தருவதால் தொடர்வதும் தானாக நடக்கும். ஷெயார்ட் ஹோஸ்டிங்கில் இது இருக்கிறதா என்று வாங்குவதற்கு முன்னரே கேட்டுவிடுங்கள்.

டோக்கன் எப்போது பிறக்க வேண்டும்

காசு வந்தது உறுதியான பிறகு மட்டும். பேஹியர் போன்ற கட்டண வாயில் பாவித்தால், வாங்கியவர் திரும்பி வரும் “ரிட்டர்ன்” முகவரியை நம்பி டோக்கன் கொடுக்காதீர்கள். அந்த முகவரியைக் காசு கட்டாமலே யாரும் திறக்கலாம். வாயில் உங்கள் சேர்வருக்கு நேரே அனுப்பும் “நோட்டிஃபை” செய்திதான் சாட்சி. பேஹியரில் அதோடு எம்டி5சிக் என்ற கையொப்பம் வரும். உங்கள் வணிக இரகசியத்தை வைத்து அதை மீண்டும் கணக்கிட்டுப் பொருத்திப் பார்த்து, நிலை எண் 2 என்றால்தான் வெற்றி. தொகையையும் உங்கள் ஓடரோடு ஒப்பிடுங்கள். நோட்டிஃபை செய்தி உங்கள் மேசைக் கணினியின் லோக்கல்ஹோஸ்டுக்கு வராது, சோதிக்க இணையத்திலுள்ள முகவரி வேண்டும்.

வங்கி ஸ்லிப் முறையே போதும் என்பவர்கள், ஸ்லிப் படத்தை அல்ல, கணக்கில் காசு ஏறியதைப் பார்த்துவிட்டு நிர்வாகப் பக்கத்தில் ஒரு பொத்தானை அழுத்தி டோக்கன் உண்டாக்கட்டும். படத்தில் தொகையை மாற்றக் கைத்தொலைபேசியே போதும்.

பின்கதவுகள்

உங்கள் தளத்துக்கும் வாங்குபவருக்கும் நடுவில் கிளவுட்ஃபிளேர் இடைநிலைச் சேவை இருந்தால், பீடிஎஃப், சிப் என்று முடியும் முகவரிகளை அது இயல்பாகவே தற்காலிகமாகச் சேமிக்கும். அதில் “இக்னோர் குவெரி ஸ்ட்ரிங்” என்ற அமைப்பும் போட்டிருந்தால் கையொப்பமே இல்லாதவருக்கும் சேமித்த பிரதி போய்ச் சேரும், உங்கள் ஸ்கிரிப்ட்டுக்குத் தெரியவே வராது. கெஷ்-கொன்ட்ரோல் தலைப்பில் “பிரைவேட், நோ-ஸ்டோர்” என்று அனுப்புங்கள். கூகிளுக்கு எக்ஸ்-ரோபோட்ஸ்-டேக் தலைப்பில் “நோஇண்டெக்ஸ்”. பொத்தான் பக்கத்தில் ரெஃபரர்-பொலிசி “நோ-ரெஃபரர்”. இல்லாவிட்டால் அங்கிருந்து வெளியே போகும் ஒவ்வொரு கோரிக்கையிலும் முகவரி கசியலாம். அந்தப் பக்கத்தில் விளம்பர நிரலும் பார்வையாளர் கணக்கெடுக்கும் நிரலும் வேண்டவே வேண்டாம்.

வாங்கியவரே கோப்பைப் பகிர்ந்தால்

எந்த லிங்க் பூட்டும் இதைத் தடுக்காது. கோப்பு இறங்கியபின் அது அவர் கையில். செய்யக்கூடியது, ஒவ்வொரு பக்க அடியிலும் ஓடர் எண்ணை மங்கலாக அச்சடித்துக் கொடுப்பது. எஃப்பிடிஐ என்ற பிஎச்பி நூலகம் ஏற்கெனவே உள்ள பீடிஎஃப்பின் மேல் எழுத உதவும். முத்திரையைத் தமிழில் எழுத முனையாதீர்கள், கொம்பும் காலும் இடம் மாறி விழும். எண்ணே போதும். அடையாள அட்டை எண்ணையோ முழுத் தொலைபேசி எண்ணையோ அச்சடிக்க வேண்டாம். கோப்பு பரவினால் மாணவரின் தகவலும் பரவும், 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் நினைவில் இருக்கட்டும். அனுமதியின்றிப் பரப்பியவர்மேல் நடவடிக்கை எடுக்க நினைத்தால் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இருக்கிறது. ஆனால் பக்க அடியில் தன் ஓடர் எண் இருப்பதைப் பார்த்தவுடனேயே பலர் குழுவில் போடத் தயங்குவார்கள்.

திறப்பதற்கு முன் சோதனை

உங்கள் கணக்கிலிருந்து வெளியேறி, தனிப்பட்ட சாளரத்தில், வைஃபை அணைத்த கைத்தொலைபேசியில் செய்யுங்கள். கோப்பின் பழைய முகவரி 404 (இல்லை) காட்ட வேண்டும். குறுகிய லிங்கில் ஓர் எழுத்தை மாற்றினால் 403 (அனுமதி இல்லை). காலாவதி எண்ணைக் கூட்டினாலும் 403. லிங்கை வட்ஸ்அப்பில் இன்னொருவருக்கு அனுப்பிவிட்டு அட்டவணையைப் பாருங்கள், தடவை ஏறியிருக்கக்கூடாது. ஆறாவது தடவை பொத்தானை அழுத்தினால் மறுப்பு வர வேண்டும். அந்தப் பக்கத்தில் உங்கள் தொடர்பு எண் இருக்கட்டும், உண்மையாகவே தடுமாறியவர் அழைப்பார். தரவிறக்கத்தின் நடுவில் ஃபிளைட் மோட் போட்டு எடுத்து, விட்ட இடத்திலிருந்து தொடர்கிறதா பாருங்கள்.

பழைய லிங்க் ஏற்கெனவே கூகிளில் ஏறிவிட்டதென்றால், முதலில் கோப்பை நகர்த்தி அந்த முகவரிக்கு 410 (நிரந்தரமாக நீக்கப்பட்டது) பதில் கொடுங்கள், பிறகு சேர்ச் கன்சோலின் ரிமூவல்ஸ் பகுதியில் விண்ணப்பியுங்கள். அந்த நீக்கம் ஏறக்குறைய ஆறு மாதத்துக்கு மட்டும் நிற்கும். 410 தொடர்ந்து நின்றால்தான் அதற்குப் பிறகும் அது திரும்பி வராது. ஏற்கெனவே இறக்கியவர்களிடம் உள்ள பிரதிகளைத் திரும்பப் பெற வழியில்லை. அடுத்த பதிப்பைப் புதிய வினாக்களோடு, ஓடர் எண் அச்சடித்து, இந்த வாசல் வழியாக மட்டும் வெளியிடுங்கள்.